திதி தெரியாத சாவு

தொடக்கக் கல்லூரியில் படிக்கும் ஒரு தம்பி கேட்ட கேள்வி இது: “அநீதி நடந்த நாடுகள் பழையதைக் கிளறாமல் விட்டால்தானே நிம்மதியாக இருக்க முடியும்? சிங்கப்பூர் ஜப்பானோடு அப்படித்தானே சமாதானம் ஆனது? தென்னாப்பிரிக்காவில் உண்மை ஆணையம் எல்லாம் வைத்து என்ன கண்டார்கள்?”

தம்பி, முப்பது வருடம் உயர்நிலைப் பள்ளியில் வரலாறு சொல்லிக்கொடுத்தவள் நான். இதே கேள்வியை வகுப்பில் பல தடவை கேட்டிருக்கிறார்கள். அப்போதெல்லாம் மணி அடிப்பதற்குள் முடிகிற மாதிரி ஒரு பதில் சொல்லி அனுப்பிவிடுவேன். அது போதாது என்று எனக்கே தெரியும். இப்போது மணி அடிக்கப் போவதில்லை. கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், எங்கள் வீட்டு மகாளய அமாவாசையிலிருந்து.

அம்மாவின் அப்பா ஜோகூரில் குளுவாங் பக்கம் ஒரு தோட்டத்தில் பால்மரம், அதாவது ரப்பர் மரம், சீவியவர். ஜப்பான்காரன் காலத்தில், 1943இல், ஒருநாள் காலை பெரட்டில், அதாவது வேலைக்கு முன் ஆள் எண்ணும் இடத்தில், கிராணி (தோட்டக் கணக்கர்) பெயர் வாசித்தார். மூன்று மாத வேலை, நல்ல சம்பளம், முடிந்ததும் வந்துவிடலாம் என்றார்கள். லாரியில் ஏறிப் போனவர் சயாமிலிருந்து, இன்றைய தாய்லாந்திலிருந்து, திரும்பவில்லை. சண்டை முடிந்து பாட்டி இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு, செம்பவாங் கடற்படைத் தளத்தில் வேலை பார்த்த தன் அண்ணன் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அதே லாரியில் போய் உயிரோடு திரும்பிய ஒருவர் சில வருடம் கழித்து வந்து, “காய்ச்சலில் படுத்திருந்ததைப் பார்த்தேன், அப்புறம் எங்களை வேற கேம்ப்புக்கு மாத்திட்டாங்க” என்று மட்டும் சொன்னார். பாட்டி தாலியைக் கழற்றவும் இல்லை, நம்பிக்கையோடு கட்டிக்கொண்டும் இல்லை. சேலைத் தலைப்புக்குள்ளேயே வைத்திருந்தார்.

இறந்தவருக்குத் திதி கொடுக்க மாதம் வேண்டும், பட்சம் வேண்டும், திதி வேண்டும். எதுவும் தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசை என்று நம் முன்னோர் ஒரு வழி வைத்திருக்கிறார்கள். புரட்டாசியில் பாட்டி வாழை இலை விரிப்பார். தாத்தாவின் படம் கிடையாது. அதனால் அவருடைய வெற்றிலைப் பெட்டியைத் துடைத்து இலைக்கு முன்னால் வைப்பார். மூடியில் ஒரு பக்கம் நசுங்கிய பித்தளைப் பெட்டி. மாமா சூடம் ஏற்றுவார். “யாராச்சும் தேதியைச் சொல்லியிருந்தா அவருக்குன்னு ஒரு நாள் இருந்திருக்கும்” என்பார் பாட்டி. ஒவ்வொரு வருடமும் அதே வார்த்தைதான்.

அநீதிக்குப் பிறகு வரும் சமாதானம் பற்றி எத்தனையோ புத்தகம் படித்துவிட்டேன். அந்த ஒரு வாக்கியத்தைத் தாண்டி என்னால் போக முடியவில்லை. பாட்டி ஜப்பான்காரனைத் தூக்கில் போடச் சொல்லிக் கேட்டதில்லை. பணமும் கேட்டதில்லை. எங்கே, எப்போது, எப்படி என்று கேட்டார். அதைச் சொல்லக் கடமைப்பட்டவர் யாரும் வரவில்லை.

தாத்தாவைக் கொண்டுபோனது சயாம்–பர்மா ரயில் பாதை போட. அந்தப் பாதை 415 கிலோமீட்டர். ஒரு வருடத்துக்குச் சற்றுக் கூடுதலான காலத்தில் காட்டை வெட்டி, மலையைக் குடைந்து போட்டார்கள். ஏறக்குறைய 60,000 நேச நாட்டுப் போர்க் கைதிகள் அங்கே வேலை செய்தார்கள். 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள், அதாவது பர்மியர், மலாய்க்காரர், ஜாவானியர், நம் தமிழர், இரண்டு லட்சம் பேருக்கும் கூடுதல் என்பது பொதுவான கணக்கு. அவர்களில் இறந்தவர்கள் 90,000 வரை இருக்கும் என்பார்கள். இந்த இரண்டாவது கணக்கில் எப்போதும் ஒரு ‘வரை’யோ ‘ஏறக்குறைய’வோ ஒட்டிக்கொண்டிருக்கும். ஏனென்றால் யாரும் எண்ணவில்லை.

பணி ஓய்வு பெற்ற பிறகு அம்மாவைக் காஞ்சனபுரிக்குக் கூட்டிப் போனேன். அங்கே கைதிகளின் கல்லறைத் தோட்டத்தில் கிட்டத்தட்ட 7,000 கல்லறைகள். பச்சைப் புல், வரிசை வரிசையாகத் தாழ்வான கற்கள், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு பூச்செடி. அம்மாவுக்கு ஆங்கிலம் தட்டுத்தடுமாறித்தான் வரும். ஆனாலும் குனிந்து குனிந்து ஒரு வரிசை முழுக்கப் படித்தார். தன் அப்பா அங்கே இல்லை என்று அவருக்குத் தெரியும். நடுவில் நிமிர்ந்து, “இந்தப் பிள்ளைக்கு இருபத்திரண்டு வயசாம், ஜூன் மாசம் போயிருக்கான்” என்றார். ஒரு வெள்ளைக்காரப் பையனுக்காக என் அம்மா அழுததை அன்றுதான் பார்த்தேன். அந்தப் பையனின் அம்மாவுக்கு ஒரு தேதி கிடைத்திருக்கிறது. என் பாட்டிக்குக் கிடைக்கவில்லை.

சரி, உன் கேள்விக்கு வருகிறேன். சிங்கப்பூர் பழையதைக் கிளறவில்லை என்பது சரியில்லை, தம்பி. உண்மையிலேயே மண்ணைக் கிளறினார்கள். 1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் விழுந்த சில நாளில் ஜப்பானிய ராணுவம் சீன ஆண்களைக் கூட்டிச் சலித்தெடுத்து, கடற்கரைகளில் கொண்டுபோய்க் கொன்றது. ஜப்பானியர் ஒத்துக்கொண்ட கணக்கு 5,000. சீன சமூகம் சொல்லும் கணக்கு அதைப்போல் பத்து மடங்கு வரை போகும். 1947இல் பிரிட்டிஷார் நடத்திய வழக்கில் ஏழு அதிகாரிகளில் இருவருக்குத்தான் தூக்கு. அந்தத் தீர்ப்பு ஆறாத ரணமாக இருந்தது. 1962இல் சிக்லாப்பில் மண்ணைத் தோண்டியபோது எலும்புகள் வெளிவந்தன. சீன வர்த்தக சபை அவற்றைத் தோண்டி எடுக்கும் பொறுப்பை ஏற்றது. 1963 ஆகஸ்ட் 25 அன்று நகர மண்டபத்துக்கு முன்னால் ஒரு லட்சம் பேருக்கு மேல் கூடி, இந்த இரத்தக் கடனுக்கு 5 கோடி வெள்ளி (டாலர்) தர வேண்டும் என்று குரல் கொடுத்தார்கள். 1966இல் ஜப்பான் அதே தொகைக்கு ஒத்துக்கொண்டது. பாதி நன்கொடை, பாதி கடன். கொலைகளுக்கான இழப்பீடு என்று அதற்குப் பெயர் வைக்கவில்லை. அதோடு கணக்கு முடிந்ததாக இரண்டு அரசாங்கமும் வைத்துக்கொண்டன.

அன்றைய நிலையில் வேறு என்ன செய்திருக்க முடியும் என்று யோசித்துப் பார். மலேசியாவை விட்டுப் பிரிந்து ஒரு வருடம். வேலை இல்லாத இளைஞர்கள் ஊர் நிறைய. தொழிற்சாலை போட ஆள் வேண்டும். அந்த முடிவை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் இரண்டு அரசாங்கம் கையெழுத்துப் போட்டால் இரண்டு அரசாங்கத்துக்கு நடுவில்தான் கணக்குத் தீரும். வீட்டுக்குள் தீராது. அதற்குச் சாட்சி வேண்டுமா? ஐம்பது வருடம் கழித்து, 2017 பிப்ரவரியில், பழைய ஃபோர்டு தொழிற்சாலையில் புதுப்பித்த காட்சிக்கூடத்துக்கு ‘சியோனான்’ என்று பெயர் வைத்தார்கள். ஜப்பான்காரன் நம் தீவுக்கு வைத்த பெயர். மக்கள் கொதித்துப் போனார்கள். இரண்டே நாளில் பெயரை மாற்றி, அமைச்சர் மன்னிப்பும் கேட்டார். அப்போது கோபப்பட்டவர்களில் பலர் சண்டைக்குப் பிறகு பிறந்தவர்கள். வீட்டில் அடைந்து கிடந்த துக்கம் பேரப்பிள்ளை வரை வரும்.

ஆனால் அந்த நாட்களில் செய்த ஒரு காரியத்தை நான் மிகவும் மதிக்கிறேன். சிக்லாப்பில் கிடைத்த எலும்புகளுக்கு நினைவுச்சின்னம் எழுப்ப நினைத்தது சீன சமூகம். அரசாங்கம் இடம் கொடுத்து, இறந்த எல்லா இனத்தவருக்கும் பொதுவாக இருக்கட்டும் என்றது. பீச் ரோட்டில், எஸ்பிளனேட் எம்ஆர்டி ரயில் நிலையத்துக்கு மேலே, நான்கு வெள்ளைத் தூண்கள் நிற்கின்றனவே, அதுதான். 1967 பிப்ரவரி 15இல் அன்றைய பிரதமர் திரு லீ குவான் யூ திறந்துவைத்தார். நான்கு தூணும் அடியில் ஒரே மேடையில் சேரும். நான்கு மொழியில் கல்வெட்டு, தமிழும் உண்டு. அதிகம் இழந்த சமூகம் தன் துக்கத்தை மற்றவர்களோடு பகிர்ந்துகொள்ளச் சம்மதித்தது சாதாரணம் இல்லை. பாட்டியை ஒரு தடவை அங்கே கூட்டிப் போனபோது தமிழ் எழுத்தைக் கையால் தடவிப் பார்த்தார். “நம்மளையும் சேத்துக்கிட்டாங்க” என்றார். படிக்கத் தெரியாதவர் அவர். எழுத்தின் வளைவை வைத்தே தமிழ் என்று கண்டுகொண்டார்.

இங்கே சகிப்புத்தன்மை பற்றி ஒன்று சொல்ல வேண்டும். இனங்கள் ஒருவரை ஒருவர் சகித்துக்கொள்வது என்றால் பக்கத்து வீட்டுப் பண்டிகைக்குப் பலகாரம் வாங்கிக்கொள்வது என்று பள்ளிக்கூடத்தில் நாங்களே சுலபமாக்கிவிட்டோம். இன நல்லிணக்க நாளான ஜூலை 21 அன்று பிள்ளைகள் சேலையும் பாஜு குரோங்கும் உடுத்தி வருகிறார்கள். 1964இல் அதே தேதியில் ஊர்வலத்தில் தொடங்கிய கலவரத்தில் 23 பேர் செத்தார்கள் என்று எத்தனை பிள்ளைக்குத் தெரியும்? பலகாரம் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஒரே காலத்தைப் பற்றி என் நினைவும் பக்கத்து வீட்டுக்காரர் நினைவும் வேறு வேறாக இருக்கும்போது என்ன செய்வது என்பதுதான் கஷ்டமான பாடம்.

1943 அக்டோபரை எடுத்துக்கொள். அந்த மாதம் 10ஆம் தேதி ஜப்பானிய ராணுவப் போலிஸ் கைது செய்யத் தொடங்கியது. துறைமுகத்தில் கப்பல்கள் தகர்க்கப்பட்டதற்கு உளவு சொன்னவர்கள் என்று 57 பேரைப் பிடித்து வதைத்தது. 15 பேர் இறந்தார்கள். ஆர்ச்சர்ட் ரோட்டில் இப்போது ஒய்எம்சிஏ இருக்கும் இடத்தில்தான் அந்தக் கொடுமைகள் நடந்தன. 17ஆம் தேதி சயாம் ரயில் பாதையின் இரண்டு முனைகளும் காட்டுக்குள் இணைந்தன. 21ஆம் தேதி, அந்த ஒய்எம்சிஏயிலிருந்து சில நிமிட நடையில் இருக்கும் கேத்தே கட்டடத்தில் நேதாஜி, ஜப்பானியர் ஆதரவோடு, சுதந்திர இந்தியாவின் தற்காலிக அரசை அறிவித்தார். நம்மவர்கள் அழுதார்கள், ஆரவாரம் செய்தார்கள். தோட்டத்துப் பெண்கள் ஜான்சி ராணிப் படையில் சேர்ந்து துப்பாக்கி பிடித்தார்கள். ஒரே மாதம், ஒரே ஜப்பானிய ஆட்சி. சீனப் பக்கத்து வீட்டுக்காரருக்கு அது சாவின் மாதம். இந்திய தேசிய ராணுவத்தில் இருந்தவர் மகளுக்கு அது தலைநிமிர்ந்த மாதம். எங்கள் வீட்டுக்கு, தாத்தா உயிரோடு இருந்தாரா என்று தெரியாத மாதம்.

சிங்கப்பூரில் நம்மவர்கள் நிறைந்த தேக்காவில் எங்கள் குடும்பத்துக்குத் தெரிந்த ஒரு பெரியவர் இருந்தார், நேதாஜியின் படையில் சேர்ந்தவர். தீபாவளிக்கு வீட்டுக்கு வந்தால் அந்தக் கதைதான் பேசுவார். பாட்டி காபி கொடுத்துவிட்டுச் சமையல்கட்டில் போய் உட்கார்ந்துகொள்வார். ஒருநாள் அவர் பாட்டியிடம், “அம்மா, உங்க வீட்டுக்காரரைக் கொண்டுபோனவங்க கொடுத்த துப்பாக்கியைத்தான் நான் தூக்கினேன். எனக்கு அது தெரியும்” என்றார். அதற்கு மேல் விளக்கம் சொல்லவில்லை. தன் பெருமையையும் விட்டுக்கொடுக்கவில்லை. அதற்குப் பிறகு பாட்டி சமையல்கட்டுக்குப் போகவில்லை, உட்கார்ந்து கேட்டார். நான் நேரில் கண்ட சகிப்புத்தன்மை அதுதான். யாரும் கருத்தை மாற்றிக்கொள்ளவில்லை. மற்றவருக்கு நேர்ந்ததைத் தெரியும் என்று வாய்விட்டுச் சொன்னார், அவ்வளவுதான்.

நிறவெறி ஆட்சி முடிந்த பிறகு தென்னாப்பிரிக்கா உண்மை ஆணையம் வைத்துச் செய்ய நினைத்ததும் இதைத்தான், ஒரு நாடு முழுவதற்கும். 1995இல் சட்டம், 1996 ஏப்ரலில் முதல் விசாரணை, தலைவர் பேராயர் டெஸ்மண்ட் டூட்டு. குற்றம் செய்தவர் முழு உண்மையையும் பொதுமேடையில் சொன்னால், அது அரசியல் நோக்கத்தோடு செய்த குற்றம் என்று நிரூபித்தால், வழக்கிலிருந்து மன்னிப்பு. உண்மைக்கு விலையாக நீதியைக் கொடுத்தார்கள் என்று கொல்லப்பட்டவர்களின் குடும்பங்கள் சில அரசியல் சாசன நீதிமன்றம் வரை போயின, தோற்றன. எல்லோரையும் அள்ளி மன்னித்துவிட்டார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். மனுப் போட்டவர்கள் 7,112 பேர், மன்னிப்புக் கிடைத்தது 849 பேருக்கு.

புள்ளிவிவரத்தைவிட ஜாய்ஸ் ம்டிம்குலு என்ற தாயைப் பற்றிச் சொல்கிறேன். அவர் மகன் சிபிவோ மாணவர் தலைவர். 1981இல் சிறையிலிருந்து வெளியே வந்ததும் உடம்பு விழுந்துபோனது, தலைமுடி கொத்துக்கொத்தாகக் கொட்டியது. தாலியம் என்ற விஷம் என்று மருத்துவர்கள் கண்டுபிடித்தார்கள். அரசின் மேல் வழக்குப் போட்டார். 1982 ஏப்ரலில் நண்பரோடு காணாமல் போனார். கொட்டிய முடியைத் தாய் பத்திரமாக வைத்திருந்தார். பதினான்கு வருடம் கழித்து ஆணையத்தின் முன் அந்த முடியைக் கையில் பிடித்துக் காட்டினார். அதன் பிறகு பாதுகாப்புப் போலிஸ் அதிகாரிகள் வந்து, கிராடக் ஊருக்கு அருகே ஒரு பண்ணையில் சுட்டு எரித்து, சாம்பலை ஃபிஷ் ஆற்றில் போட்டோம் என்றார்கள். அதுவும் முழு உண்மை இல்லை. பிற்பாடு, காணாமல் போனவர்களைத் தேடுவதற்கென்றே அரசு அமைத்த குழு அதே பண்ணையைத் தோண்டியபோது எரிந்த எலும்புத் துண்டுகள் அங்கேயே கிடைத்தன. குடும்பங்கள் அடக்கம் செய்தன.

அந்த அதிகாரிகளில் ஒருவர் மன்னிப்புக் கேட்க வீட்டுக்கே போனார். தகப்பனைப் பார்த்தறியாத வயதில் இழந்த மகன், அப்போது விடலைப் பையன், பூச்சாடியை எடுத்து அவர் மண்டையில் அடித்துவிட்டான். வகுப்பில் இதைச் சொன்னால் பிள்ளைகள் திகைத்துப் போவார்கள், ஆணையம் தோற்றுவிட்டது என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றியதில்லை. மன்னிப்பது அந்தப் பையனின் உரிமை. மன்னிக்காமல் இருப்பதும் அவன் உரிமை. அதை அவன் சார்பில் டூட்டுவோ மண்டேலாவோ கொடுத்துவிட முடியாது. நாடு செய்ய வேண்டியது அவன் அப்பாவின் எலும்பைத் தேடிக் கொடுப்பது.

ஆணையம் தவறிய இடங்களும் பெரியவை. பாதிக்கப்பட்டவர்களுக்குச் சில வருடங்களுக்குத் தொடர்ந்து உதவித்தொகை தரச் சொன்னது. 2003இல் அரசாங்கம் ஒரே தடவையாக 30,000 ராண்ட் கொடுத்து முடித்தது. மன்னிப்புக் கிடைக்காத, அல்லது கேட்கவே வராத குற்றவாளிகள் மேல் வழக்குப் போடச் சொல்லி முன்னூறு விவகாரங்களை அனுப்பியது. பெரும்பாலானவை அலமாரியில் தூங்கின. அந்த வழக்குகளை வேண்டுமென்றே தடுத்தார்களா என்று விசாரிக்க 2025இல் இன்னொரு ஆணையம் வைக்க வேண்டியதாயிற்று. இன்னொரு குறை நம்மவர்களைத் தொடுவது. 1860இல் சென்னையிலிருந்து கரும்புத் தோட்டத்துக்குப் போனவர்களின் வாரிசுகள் டர்பனில் கட்டிய வீடுகளையும் கோயில் சூழ்ந்த தெருக்களையும் இனவாரிக் குடியிருப்புச் சட்டம் காலி செய்ய வைத்தது. ஆணையத்தின் சட்டத்தில் கொலை, கடத்தல், சித்திரவதை, கொடூர நடத்தை இவைதான் கணக்கு. வீட்டைப் பிடுங்கியது சேராது. 1949இல் டர்பனில் இந்தியருக்கும் ஆப்பிரிக்கருக்கும் நடந்த கலவரத்தில் 142 பேர் இறந்தார்கள். ஆணையம் 1960இலிருந்துதான் பார்த்தது என்பதால் அதுவும் சேரவில்லை. ஆகவே அங்கே உண்மை முழுதாக வெளிவந்தது என்று நான் சொல்ல மாட்டேன். வந்த அளவு உண்மை பெரிய காரியம் என்பேன்.

இலங்கையைப் பற்றிச் சொல்லாமல் ஒரு சிங்கப்பூர்த் தமிழச்சி இந்தப் பேச்சை முடிக்க முடியாது. நமக்குள் யாழ்ப்பாணத்து வேர் உள்ள குடும்பங்கள் எத்தனை! அங்கேயும் ஆணைக்குழு வைத்தார்கள், அறிக்கை வந்தது. காணாமல் போனோருக்கென்று ஓர் அலுவலகம் வைக்க 2016இல் சட்டம் போட்டார்கள், அது 2018இல்தான் இயங்கத் தொடங்கியது. அதற்குள் 2017 பிப்ரவரியில் கிளிநொச்சியில் தாய்மார் பிள்ளைகளின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு வீதியோரம் உட்கார்ந்தார்கள், வருடக்கணக்காகத் தொடர்ந்தார்கள். மரணச் சான்றிதழ் வேண்டாம், ஆளைக் காணவில்லை என்று மட்டும் சொல்லும் இல்லாமைச் சான்றிதழும் வேண்டாம், ராணுவத்திடம் கையில் பிடித்துக் கொடுத்த பிள்ளை எங்கே என்று சொல் என்கிறார்கள். அவர்கள் பிடிவாதக்காரர்கள் என்று யாராவது என்னிடம் சொன்னால் எனக்குப் பாட்டியின் வெற்றிலைப் பெட்டி ஞாபகம் வரும். எங்கே என்ற கேள்விக்குப் பதில் சொல்லாமல் நல்லிணக்கம் பேசுவது, படையல் போட இலையை விரித்துவிட்டு யாருக்கு என்று கேட்காதே என்பது போல.

நம் ஊரிலும் ஒன்று பாக்கி இருக்கிறது. 1963 பிப்ரவரி 2இல் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் விசாரணையின்றிக் கைதானார்கள். அவர்கள் கம்யூனிஸ்ட் சதியின் ஆட்கள் என்பது அரசாங்கத்தின் நிலை. அதற்கு ஆதாரம் போதாது என்பது கைதானவர்களும் சில வரலாற்றாசிரியர்களும் சொல்வது. லண்டனில் திறந்துவிட்ட ஆவணங்களை வைத்து இரண்டு பக்கமும் வாதாடுகின்றன. இங்கே இருக்கும் ஆவணங்களையும் திறந்தால் நல்லது என்பது என் கருத்து. வகுப்பில் இரண்டு பக்கத்தையும் படிக்கக் கொடுத்திருக்கிறேன். பிள்ளைகள் சூடாக வாதாடிவிட்டு ஒன்றாக கேன்டீனுக்குப் போனார்கள்.

கடைசியாக ஒரு வேலை கொடுக்கிறேன், தம்பி, ஆசிரியை புத்தி போகாது. உன் குடும்பத்தில் ஜப்பான்காரன் காலத்தைப் பார்த்தவர் யாராவது இன்னும் இருந்தால், அல்லது பார்த்தவர் சொல்லக் கேட்டவர் இருந்தால், இந்த வாரமே போய் உட்கார். மரவள்ளிக்கிழங்கு தின்ற கதையோடு நிறுத்தாதே. எந்தத் தோட்டம், கங்காணி பேர் என்ன, லாரி வந்தது மழைக்கு முன்னா பின்னா, கூடப் போனவர்கள் யார், திரும்பியவர் யார் என்று கேள். தேசிய ஆவணக் காப்பகத்தின் வாய்மொழி வரலாற்று நிலையம் 1979இலிருந்து இப்படிப்பட்ட நினைவுகளைப் பதிவு செய்கிறது. தமிழிலும் பதிவுகள் உண்டு, கேட்டுப் பார்.

நான் அம்மாவிடம் இப்படிக் கேட்டபோது அவருக்கு ஒன்று ஞாபகம் வந்தது. தாத்தா லாரி ஏறும்போது அம்மாவின் கையில் ரம்புத்தான் கொத்து ஒன்று இருந்ததாம், அதிலிருந்து ஒரு பழத்தைப் பிய்த்து அவருக்குக் கொடுத்தாராம். குளுவாங்கில் அந்த மரங்கள் பழுக்கிற மாதம் எது என்று தோட்டத்துப் பழைய ஆட்கள் இரண்டு பேரிடம் விசாரித்தேன். ஒருவர் ஜூலை என்றார், ஒருவர் ஆகஸ்ட் என்றார்.